ஏற்றுவதற்கு முன் ஐசியைப் படித்து வையுங்கள்: ஃபிளாஷ் செய்வதில் போர்டைக் கெடுக்கும் தவறுகள்

லோகோவிலேயே நின்றுவிட்ட டிவியோ, லைட் மட்டும் எரியும் ரவுட்டரோ, எது வந்தாலும் கிருஷ்ணகிரி, தர்மபுரி சர்வீஸ் கடைகளில் முதல் கேள்வி "இதுக்கு ஃபைல் இருக்கா?" என்பதுதான். ஃபைல் என்றால் ஃபர்ம்வேர், போர்டின் ஃபிளாஷ் ஐசியில் (மெமரி சிப்பில்) இருந்து பொருளை ஓடவைக்கும் மென்பொருள்; அதை எழுதுவதுதான் ஃபிளாஷ் செய்வது. வாட்ஸ்அப்பில் கேட்டால் ஓசூரிலிருந்து ஒருவர், அரூரிலிருந்து ஒருவர் என்று அனுப்பியும் விடுவார்கள். வந்ததும் ஏற்றிவிடுகிறோம், ஐசிக்குள் ஏற்கெனவே என்ன இருந்தது என்று யாரும் பார்ப்பதில்லை.

அதுதான் பெரிய தவறு. ரவுட்டரின் மேக் முகவரி (நெட்வொர்க்கில் அதன் அடையாள எண்), வைஃபை காலிபரேஷன் (ரேடியோவின் அளவுத் திருத்தம்) எல்லாம் பெரும்பாலும் அதே ஃபிளாஷ் ஐசியில்தான் இருக்கும், அந்த ஒரு போர்டுக்கே உரியவை; அழித்துவிட்டால் எந்த டவுன்லோடிலும் கிடைக்காது. அதனால் முதலில் ஐசியைப் புரோகிராமரில் (படித்து எழுதும் கருவியில்) இரண்டு முறை படித்து, வரும் இரண்டு டம்ப்பையும் (நகல் ஃபைலையும்) ஒப்பிடுங்கள். வேறுபட்டால் ஐசியின் கால்களைக் கவ்வும் கிளிப் சரியாக உட்காரவில்லை, அல்லது போர்டில் உள்ள மற்ற ஐசிகள் குறுக்கிடுகின்றன. கழற்றித்தான் படிக்க வேண்டும். ஐசி 25கியூ64 (8 எம்பி) என்றால் ஃபைல் சரியாக 83,88,608 பைட் இருக்கணும். உள்ளே முழுக்க எஃப்எஃப் (எதுவும் எழுதாத பைட்) என்றால் ஒன்று ஐசி காலி, இல்லை நீங்கள் படிக்கவே இல்லை.

அடுத்தது வோல்டேஜ். பெங்களூர் எஸ்.பி. ரோட்டில் மலிவாகக் கிடைக்கும் கறுப்பு சிஎச்341ஏ புரோகிராமர் பலவற்றில் சப்ளை 3.3 வோல்ட், ஆனால் டேட்டா பின்களில் 5 வோல்ட் வரும். எம்எக்ஸ்25எல் 3.3 வோல்ட் ஐசி, எம்எக்ஸ்25யு 1.8 வோல்ட். ஒரு எழுத்துதான் வித்தியாசம், லென்ஸ் வைத்தே படியுங்கள். 1.8 ஐசிக்கு அடாப்டர் இல்லாமல் கை வைக்காதீர்கள்.

டிவியின் பின் ஸ்டிக்கரில் உள்ள மாடலை நம்பி ஃபைல் தேடுவதும் வேண்டாம், ஒரே மாடலில் வேறு வேறு பேனல் வரும். போர்டு எண்ணையும் பேனல் எண்ணையும் பாருங்கள், இல்லையென்றால் படம் தலைகீழாக நிற்கும். ரவுட்டரில் வி1, வி2 என்றிருந்தால் உள்ளே சிப்பே வேறாக இருக்கலாம். ஓபன்டபிள்யூஆர்டி (ரவுட்டருக்கான இலவச ஃபர்ம்வேர்) போடுபவர்கள் கம்பெனி ஃபர்ம்வேரிலிருந்து மாறும்போது ஃபேக்டரி ஃபைல் கொடுத்திருந்தால் அதைத்தான் எடுக்கணும். சிஸ்அப்கிரேடு என்ற ஃபைல், ஏற்கெனவே ஓபன்டபிள்யூஆர்டி ஓடும் ரவுட்டருக்கு.

அப்புறம் கரண்ட். சித்திரை, வைகாசியில் சாயங்காலம் காற்று கிளம்பினால் எப்போது போகும் என்று சொல்ல முடியாது, அழித்தது முடிந்து எழுதுவது பாதியில் நின்றால் போர்டு எழாது. யுபிஎஸ்ஸில் போட்டு, வைஃபையில் இல்லாமல் லேன் வயரில் ஏற்றுங்கள்.

எழுதியதும் வெரிஃபை (எழுதியது ஃபைலோடு ஒத்திருக்கிறதா என்ற சோதனை) கொடுங்கள். பழைய டம்ப்புக்கு போர்டு எண், பேனல் எண், தேதி போட்டுப் பெயர் வையுங்கள். 'நியூ1', 'நியூ2' என்று வைத்தால் ஆறு மாதம் கழித்து அதே டிவி திரும்பி வரும்போது எது ஒரிஜினல் என்று உங்களுக்கே தெரியாது.