ஒளிரும் செடி ஒன்றைக் கற்பனை உலகில் நடுவது எப்படி?

மிகைபுனைவு எழுத வருகிறவர்களில் பலர் முதலில் படைப்பது ஒளிரும் காடுதான். இலைகள் நீலமாக மினுங்கும், நாயகி வியந்து நிற்பாள், அடுத்த அத்தியாயத்தில் அந்தக் காடு மறந்துபோகும். திருவிழாத் தோரணத்தைப் போல அதைக் கழற்றிவிட்டாலும் கதைக்கு ஒன்றும் ஆகாது. பிடுங்கினால் கதையே சரிந்துவிடும்படி ஒரு செடியை நட்டுப் பார்ப்போம். ஒரு நோட்டும் ஒரு மாலைப்பொழுதும் போதும்.

படி 1: நிலமும் பொழுதும்

இதழின் நிறத்தைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். தொல்காப்பியம் வகுத்த வரிசை இங்கே அப்படியே கைகொடுக்கும். முதற்பொருள் என்பது நிலமும் பொழுதும். அந்த நிலத்தில் வாழ்பவை கருப்பொருள். அங்கே நிகழும் மனித உணர்வு உரிப்பொருள். உலகைக் கட்டுவதற்கு இதைவிட நல்ல சட்டகம் எனக்குத் தெரியாது. நான் குறிஞ்சியை எடுத்துக்கொள்கிறேன்: மலைச்சாரல், தினைப்புனம், யாமப்பொழுது. நீங்கள் நெய்தலை எடுத்தால் உப்புக்காற்றைத் தாங்கும் செடியாக யோசியுங்கள்.

படி 2: அது எதற்காக ஒளிர்கிறது?

"அழகுக்காக" என்ற விடையை அடித்துவிடுங்கள். எந்தச் செடியும் நமக்காகப் பூப்பதில்லை.

தானாக ஒளிரும் செடி இயற்கையில் இதுவரை அறியப்படவில்லை. ஆனால் ஒளிரும் பூஞ்சைகள் உண்டு. மகாராட்டிரத்தின் பீமாசங்கர் காடுகளில் மழைக்காலத்து இரவுகளில் மட்கிய சுள்ளிகள் பச்சையாக ஒளிர்வது இவற்றால்தான். பிரேசிலில் வளரும் ஒளிர்காளான் ஒன்றைப் பற்றி 2015-இல் வெளியான ஆய்வு நமக்கு மிகவும் உதவும். அந்தக் காளானின் ஒளி அதன் உள்கடிகாரப்படி இரவில் கூடுகிறது. ஆய்வாளர்கள் பிசினால் போலிக் காளான்கள் செய்து, சிலவற்றுக்குள் பச்சை விளக்கு வைத்துக் காட்டில் விட்டார்கள். விளக்கு இருந்தவற்றுக்கே பூச்சிகள் அதிகம் வந்தன. வித்துத்துகள்களைப் பரப்பப் பூச்சிகள் வேண்டும் என்பதே இதற்கு அவர்கள் சொன்ன காரணம்.

என் செடி ஒரு கொடி. விட்டில்களை அழைக்க அதன் பூ ஒளிர்கிறது. நிலா காயும்போது அந்தச் சிற்றொளி எடுபடாது, உணவை வீணாக்குவதில் பயனில்லை. ஆகவே நிலா மறையும்வரை ஒளிர்வதில்லை. இந்த ஒரு விதியிலிருந்துதான் மற்றதெல்லாம் முளைக்கப்போகிறது.

படி 3: ஒரு குறையைக் கொடுங்கள்

அமெரிக்க விடுதலைப் போர்க்காலத்தில் டேவிட் புஷ்னெல் 'டர்ட்டில்' என்ற ஒற்றையாள் நீர்மூழ்கியைக் கட்டினார். உள்ளே மெழுகுவத்தி ஏற்றினால் மூச்சுக்காற்று தீர்ந்துவிடும் என்பதால், திசைகாட்டியைப் பார்க்க ஒளிர்பூஞ்சை படிந்த மரத்துண்டை வைத்தார். குளிர் வந்ததும் அந்த ஒளி நின்றுபோனது. கதை எழுதுகிறவருக்கு ஒளி கிடைத்த செய்தியைவிட அது நின்றுபோன செய்தியே பெரிய கொடை.

என் கொடியின் பூவைப் பறித்தால் உடனே அணைந்துவிடும். யாரும் அதைக் கையில் விளக்காக எடுத்துச் செல்ல முடியாது. வெளிச்சம் வேண்டுமானால் கொடி இருக்கும் இடத்துக்குத்தான் போகவேண்டும்.

படி 4: பெயர்

ஒளிமலர், சோதிப்பூ போன்ற பெயர்களைத் தவிர்த்துவிடுங்கள். நம் ஊர்ச் செடிப்பெயர்களைச் சொல்லிப் பாருங்கள்: தொட்டாற்சிணுங்கி, ஆடுதீண்டாப்பாளை, அந்திமந்தாரை, இலைக்கு அடியில் காய் வரிசைகட்டும் கீழாநெல்லி. ஒவ்வொன்றிலும் செடியைப் பலகாலம் கூர்ந்து பார்த்த ஒருவரின் கண் இருக்கிறது. உங்கள் உலகத்து மனிதர்களும் அப்படிப் பார்த்துத்தான் பெயர் வைத்திருப்பார்கள். நிலாவைக் கண்டு ஒடுங்கும் என் கொடிக்கு நிலாநாணி என்று வைத்தேன்.

படி 5: அங்கே வாழும் மக்கள்

தெய்வம், உணவு, விலங்கு, பறை, தொழில் என்று கருப்பொருள் பட்டியலை எழுதி, ஒவ்வொன்றையும் செடியோடு கோத்துப் பாருங்கள். எல்லாம் பொருந்தாது, பொருந்துவதை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். எனக்கு விலங்கும் தொழிலும் பொருந்தின. குறவர்கள் புனத்தைச் சுற்றி நிலாநாணியை வேலியாகப் படரவிடுகிறார்கள். அமாவாசை இருட்டில் யானை வந்தால் யானை தெரியாது. வேலியின் ஒளி ஓரிடத்தில் அறுந்து தெரியும். உடனே பறை முழங்கும்.

படி 6: உரிப்பொருள்

குறுந்தொகையின் 47-ஆம் பாடலில் தோழி நிலவிடம் பேசுகிறாள். இரவில் களவாக வருகிறவர்களுக்கு நீ நல்லதில்லை என்கிறாள். நிலா காய்ந்தால் காதலன் வரவு ஊருக்குத் தெரிந்துவிடும். இருட்டுதான் காதலர்க்குத் துணை.

இப்போது நிலாநாணியை அந்த மலையில் நடுங்கள். நிலா இருந்தால் நிலா காட்டிக்கொடுக்கும். இல்லாவிட்டால் கொடி காட்டிக்கொடுக்கும். அவர்களுக்கு ஓர் இரவுகூட மிச்சமில்லை. எனக்கு இந்த இடத்தில் கதை தானாக நகரத் தொடங்கியது. உங்கள் செடி யாருக்கு உதவுகிறது, அதே நேரத்தில் யாரைக் கெடுக்கிறது என்று கேளுங்கள். இரண்டுக்கும் விடை இல்லையென்றால் இரண்டாம் படிக்குத் திரும்பி விதியை மாற்றுங்கள்.

படி 7: ஒரு காட்சி எழுதுங்கள்

'ஒளிர்ந்தது', 'ஜொலித்தது' என்ற சொற்களைத் தொடாமல் நான்கைந்து வரி எழுதுங்கள். ஒளியை வருணிப்பதைவிட, அது விழும் இடத்தையும் அது மறையும் இடத்தையும் சொல்லுங்கள். என்னுடையது இது:

பரணில் இருந்தவள் மூச்சை அடக்கினாள். வடகோடியில் வேலி ஓர் ஆள் அகலத்துக்கு இருண்டது. களிறு என்றால் இன்னும் அகலமாக இருண்டிருக்கும். கையிலிருந்த கிளியோட்டும் தட்டையை ஓசைப்படாமல் கீழே வைத்தாள். பக்கத்தில் படுத்திருந்த அப்பன் எழுந்து உட்கார்ந்து, அதே மூலையைப் பார்த்தபடி பறையை மடிக்கு இழுத்தான்.