உல்ரிக் ம்யூஹேவை எப்படி பாக்கணும், எங்கேர்ந்து ஆரம்பிக்கணும்

வேலூர் பக்கம் நாடகம், குறும்படம்னு சுத்துற பசங்க நெறைய பேர் வெளிநாட்டு நடிகர்ல யாரை பாத்து கத்துக்கலாம்னு கேக்குறாங்க, நான் எப்பவும் சொல்றது உல்ரிக் ம்யூஹே, ஜெர்மன்காரர். மொதல்ல பேரை சரியா சொல்லுங்க: உதட்டை ஊ சொல்ற மாதிரி குவிச்சுக்கிட்டு உள்ள ஈ சொல்லணும், நடுவுல வர்ற ஹ வாய்ல வராது.

உடனே படத்தை போட்டுடாதீங்க. ஒரு நோட்டு எடுத்து நடுவுல கோடு போட்டு, இடதுபக்கம் அவரோட நாடான கிழக்கு ஜெர்மனிக்கு என்ன ஆச்சு, வலதுபக்கம் இவருக்கு என்ன ஆச்சுன்னு எழுதுங்க. 1953ல, அப்போ கம்யூனிஸ்ட் ஆட்சியில தனி நாடா இருந்த கிழக்கு ஜெர்மனியில, கிரிம்மாங்கிற ஊர்ல பொறந்தவரு, ஸ்கூல் முடிச்சு கட்டட வேலை கத்துக்கிட்டாரு, ராணுவ சேவைக்கு போனப்போ கிழக்கு பெர்லினையும் மேற்கு பெர்லினையும் பிரிச்ச பெர்லின் சுவர்லயே காவல் நிக்க வெச்சாங்க, வயித்துல அல்சர் வந்து பாதியில வெளிய வந்தாரு. அப்புறம்தான் லைப்சிக்ல நடிப்பு படிப்பு, அப்புறம் மேடை. 1989 நவம்பர் 4 பெர்லின் அலெக்ஸாண்டர்பிளாட்ஸ்ல ஆட்சியை எதிர்த்து லட்சக்கணக்கான ஜனம் கூடின கூட்டத்துல மேடையேறி பேசினாரு, அஞ்சே நாள்ல சுவர் போச்சு, அந்த நேரம் அவரு நாடக எழுத்தாளர் ஹைனர் முல்லர் டைரக்‌ஷன்ல ஹாம்லெட் நாடக ஒத்திகையில இருந்தாரு, 1990ல அது மேடையேறிச்சு. இதையெல்லாம் எழுதிட்டு பாத்தாதான் அந்த மூஞ்சி உங்களுக்கு பேசும்.

இப்போ 2006ல வந்த தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ் படம். ஸ்டாசின்னு சொல்ற கிழக்கு ஜெர்மனி உளவுத்துறையில வீஸ்லர்னு ஒரு கேப்டன், ஒரு நாடக எழுத்தாளர் வீட்டை மாடியில உக்காந்து ஒட்டுக்கேக்குறவரு, அதுதான் இவரு வேஷம். மொதல் தடவை சப்டைட்டிலோட பாருங்க. ரெண்டாவது தடவை சப்டைட்டிலை எடுத்துட்டு சவுண்டையும் மொத்தமா கொறைச்சிடுங்க.

அப்படி பாக்க வேண்டிய எடம் லிஃப்ட் சீன். பந்து வெச்சிருக்கிற ஒரு சின்ன பையன், நீங்க ஸ்டாசியாமே, கெட்டவங்களாம், எங்கப்பா சொன்னாருங்கிறான். இவரு பழக்கதோஷத்துல என்ன பேரு உன்னோட...ன்னு ஆரம்பிச்சு, அதாவது அந்த அப்பன் பேரைக் கறக்கத்தான், பாதியில நிக்கிறாரு, பையன் என்னோட எதுன்னு கேக்க, உன் பந்தோட பேருன்னு மாத்திடுறாரு. ஒரு மனுஷன் மாறுறதே அந்த நிறுத்தத்துலதான் இருக்கு, புருவம் கூட சரியா அசையல.

நமக்கு இது பழக்கமில்லாத நடிப்பு. செய்யாறு பக்கம் திரௌபதி அம்மன் கோயில் பாரதத்துல அரிதாரம், புஜக்கட்டை, சலங்கைன்னு வர்ற துரியோதனனை கடைசி வரிசையில இருக்கிறவனும் பாக்கணும், அதுக்கு ஒடம்பே பெருசாகணும், அது பெரிய வித்தை. நான் வேஷம் கட்டுற என் பெரியப்பாவுக்கு இந்த சீனை போன்ல சவுண்டு இல்லாம காட்டினேன், ரெண்டு தடவை ஓட்ட சொன்னாரு, அப்புறம் “இவரு கண்ணுல அடவு வெக்கிறாரு பா”ன்னாரு. அதனால கூத்து தெரிஞ்ச ஒருத்தர் பக்கத்துல இருந்தா கண்டிப்பா கூட்டி வெச்சுக்கங்க.

அடுத்து மிஷாயேல் ஹானகே டைரக்ட் பண்ண பென்னிஸ் வீடியோ (1992), ஃபன்னி கேம்ஸ் (1997). ரெண்டும் மனசை ரொம்ப படுத்தும், வீட்ல பசங்க தூங்கினப்புறம் பாருங்க, ஒரே நாள்ல ரெண்டும் வேணாம்.

டிவியை விட்டுடாதீங்க. 1998லேர்ந்து 2007 வரைக்கும் டெர் லெட்ஸ்டே சொய்கேங்கிற சீரியல்ல பிரேத பரிசோதனை பண்ற டாக்டரா நடிச்சாரு. ஜெர்மன் வீடுகளுக்கு அவரு மொதல்ல அந்த டாக்டர்தான். எபிசோட் தெரிஞ்செடுக்க வேணாம், எது கெடைக்குதோ அதை போட்டு, டயலாக் இல்லாத நேரத்துல கையை என்ன பண்றாருன்னு மட்டும் பாருங்க.

கடைசியா நோட்டுல 2007க்கு வாங்க. பிப்ரவரியில அந்த படத்துக்கு ஆஸ்கர், ஜூலை 22 வயித்து கேன்சர்ல இறந்துட்டாரு, 54 வயசு. ரெண்டையும் எழுதிட்டு, இன்னொரு தடவை லிஃப்ட் சீனை போடுங்க, இந்த தடவை சவுண்டோட.