வில்லியம் கட்டிய கோட்டையை அடையாளம் காண்பது எப்படி? கல்லை விடுங்கள், மண்ணைப் பாருங்கள்

இங்கிலாந்தில் எந்தப் பழைய கோட்டையைப் பற்றித் தேடினாலும், "1066-ல் படையெடுத்து வந்த நார்மன் அரசர் வில்லியம் கட்டியது" என்ற வரி அநேகமாக வந்துவிடும். பக்கத்திலேயே ஒரு படம் இருக்கும்: உயர்ந்த கல் கோபுரம், தடித்த மதில். வரி பெரும்பாலும் சரிதான். படமும் நிஜம்தான். இரண்டையும் ஒன்றாகச் சேர்த்துப் படிக்கும்போதுதான் தவறு நேர்கிறது. அந்தப் படத்தில் தெரியும் கல்லில் பெரும்பகுதி, வில்லியம் இறந்து நூறு, இருநூறு ஆண்டுகள் கழித்து வந்தவர்கள் வைத்தது. அவர் விட்டுச்சென்றது அதற்குக் கீழே இருக்கிறது. அது வெறும் மண்.

நான் இதில் இறங்கியபோது முதலில் எடுத்தது டோவர் கோட்டை. அங்குள்ள பெரிய கோபுரத்தை வில்லியம் கணக்கில் எழுதி நோட்டில் பல பக்கம் நிரப்பினேன். பிறகுதான் தெரிந்தது, அது 1180-களில் பிற்கால அரசர் இரண்டாம் ஹென்றி கட்டியது. வில்லியம் டோவருக்கு வந்தது உண்மை. 1066-ல் அவர் வென்ற ஹேஸ்டிங்ஸ் போர் முடிந்த கையோடு அங்கே எட்டு நாள் தங்கி அரணைப் பலப்படுத்தினார். எட்டு நாளில் அப்படி ஒரு கற்கோபுரம் எழும்ப வழியே இல்லை. தேதியைப் பார்த்த அன்றே இது எனக்குத் தோன்றியிருக்க வேண்டும்.

நீங்கள் அந்தச் சுற்று வழியில் போக வேண்டாம். கணினியோ போனோ, செயற்கைக்கோள் படம் காட்டும் வரைபடம், ஒரு நோட்டு, பென்சில், ரப்பர், இவ்வளவு போதும். ரப்பர் கட்டாயம் வேண்டும்.

படி 1: முதலில் ஒரு துணியைப் பாருங்கள்

வரைபடத்தைத் திறக்கும் முன் பேயூ திரைச்சீலையைப் பாருங்கள். நார்மன் படையெடுப்பைக் கம்பளி நூலால் லினன் துணியில் தைத்துக் காட்டும் சித்திரம் அது. நீளம் ஏறக்குறைய 70 மீட்டர், அகலம் அரை மீட்டர்தான். பேயூ அருங்காட்சியகத்தின் இணையதளத்தில் முழுவதையும் நெருக்கிப் பார்க்கலாம். அதில் ஹேஸ்டிங்ஸில் கோட்டை கட்டும் காட்சிக்குப் போங்கள்.

அங்கே கல் வேலையே இல்லை. ஆட்கள் மண்வெட்டியும் கடப்பாரையுமாக மண்ணை அள்ளி மேலே போடுகிறார்கள். இரண்டு பேர் சண்டை போட்டுக்கொண்டு மண்வெட்டியாலேயே ஒருவரையொருவர் அடிக்கிறார்கள். மேடு நிறம் நிறமாகப் பட்டை பட்டையாகத் தைக்கப்பட்டிருக்கிறது. மண்ணை அடுக்கடுக்காகப் போட்டு இறுக்கியதைத்தான் அந்தப் பட்டைகள் காட்டுகின்றன என்று பலர் கருதுகிறார்கள். உச்சியில் ஒரு மரவேலி.

வில்லியம் காலத்துக் கோட்டை என்பது பெரும்பாலும் இவ்வளவுதான். வட்டமாகப் பள்ளம் தோண்ட வேண்டும். தோண்டிய மண்ணை நடுவில் குவிக்க வேண்டும். பள்ளம் அகழியாகிவிடும், குவியல் மேடாகிவிடும். மேட்டின் உச்சியில் ஒரு மரக்கோபுரம். அடிவாரத்தில் வேலி போட்ட முற்றம். வீரர்கள், குதிரைகள், சமையல், தானியம் எல்லாம் அங்கே. மேட்டை மோட் என்றும் முற்றத்தை பெய்லி என்றும் சொல்வார்கள். இந்த இரண்டு சொல்லை மட்டும் மனத்தில் வைத்துக்கொண்டால் போதும், கோட்டைகளில் இருக்கும் எந்த விளக்கப் பலகையையும் படித்துவிடலாம்.

இதைக் கட்டக் கொத்தனார் தேவையில்லை. மண்வெட்டி பிடிக்கத் தெரிந்த ஊர்க்காரர்களைப் பிடித்து வந்தால் போதும். அதனால்தான் அவ்வளவு வேகமாக எழும்பியது. ஆனால் மரம் தீக்குப் பலவீனமானது. இதே துணியில் தினான் கோட்டைக் காட்சியைப் பாருங்கள். இரண்டு பேர் தீவட்டியோடு வேலிக்குத் தீ வைக்கிறார்கள்.

படி 2: ஆற்றையும் பழைய மதிலையும் தேடுங்கள்

இப்போது வரைபடம். உதாரணத்துக்கு வடக்கே யார்க் நகரை எடுத்துக்கொள்வோம். கோட்டை எங்கே என்று தேடாதீர்கள். ஆறு எங்கே என்று பாருங்கள். ஊஸ் ஆறு நகரை வெட்டிக்கொண்டு போகிறது. ஃபாஸ் என்ற சிற்றாறு அதில் வந்து சேருகிறது. இரண்டும் சேரும் மூலையில் வட்டமாக ஒரு மேடு தெரியும், மேலே ஒரு கோபுரம். அதுதான் கிளிஃபோர்ட் கோபுரம்.

ஏன் அங்கே? வில்லியமோடு வந்தவர்கள் சுமார் 7,000 பேர். அடக்க வேண்டிய நாட்டில் பல லட்சம் மக்கள். எல்லா இடத்திலும் படையை நிறுத்த முடியாது. எனவே ஆறும் சாலையும் சந்தையும் கூடும் இடத்தில் சிலரை உட்கார வைத்தார். அவர்கள் உயிரோடு இருக்க ஒரு மேடு வேண்டும்.

ஏற்கெனவே மதில் இருந்த இடம் என்றால் வேலை இன்னும் மிச்சம். 1066 செப்டம்பர் 28-ல் பெவன்சியில் கரையிறங்கியதும், அங்கிருந்த ரோமானியக் கோட்டை மதிலுக்குள்ளேயே அரண் போட்டுக்கொண்டார். லண்டனில் ரோமானிய மதிலின் தென்கிழக்கு மூலை. லிங்கனிலும் ரோமானிய மதிலுக்குள்தான். எந்த ஊரை எடுத்தாலும் ரோமானிய மதிலின் கோடு எங்கே போகிறது என்று பென்சிலால் லேசாகப் போட்டுக்கொள்ளுங்கள்.

படி 3: மேட்டைக் கண்டுபிடியுங்கள்

செயற்கைக்கோள் படம் எல்லாவற்றையும் தட்டையாகக் காட்டும். மேடு மேடாகத் தெரியாது. மூன்று தடயங்கள் உதவும்: ஒரு பக்கம் மட்டும் விழும் பிறைவடிவ நிழல், வட்டமாகச் சுற்றும் பாதை, நகர நடுவில் காரணமில்லாமல் நிற்கும் மரக்கூட்டம். சந்தேகம் வந்தால் தெருமட்டப் படத்துக்கு மாறிப் பாருங்கள்.

யார்க்கிலேயே பயிற்சி செய்யலாம். கிளிஃபோர்ட் கோபுரத்திலிருந்து ஊஸ் ஆற்றைத் தாண்டி அக்கரைக்கு வாருங்கள். நகர மதிலை ஒட்டி மரங்கள் மூடிய இன்னொரு மேடு இருக்கும். பெயர் பெய்ல் ஹில். அதுவும் வில்லியம் காலத்துக் கோட்டைதான். மேலே கட்டடம் எதுவும் இல்லாததால் பார்ப்பவர்கள் கடந்து போய்விடுகிறார்கள். 1068-ல் ஒரு கோட்டை, அது போதாதென்று 1069-ல் ஆற்றுக்கு மறுகரையில் இரண்டாவது. வில்லியம் எட்டு நாள் யார்க்கில் தங்கி அந்த இரண்டாவதை எழுப்பினார் என்று ஆர்டெரிக் விட்டாலிஸ் என்ற துறவி எழுதியிருக்கிறார்.

படி 4: முற்றத்தின் எல்லையை வரையுங்கள்

மேட்டோடு முற்றத்தையும் சேர்த்து வரைந்தால் பெரும்பாலும் 8 என்ற எண் போல வரும். முற்றத்தின் வேலி போய்விட்டிருக்கும், அகழி தூர்ந்திருக்கும். ஆனால் அகழி ஓடிய வழியில் இன்று ஒரு தெரு வளைந்து போகலாம். நேராகப் போக வேண்டிய தெரு ஏன் வளைகிறது என்று கேளுங்கள். வின்ட்சரில் இது மிகத் தெளிவாகத் தெரியும். நடுவில் மேடு, இரு பக்கமும் இரண்டு முற்றங்கள்.

படி 5: மேலிருந்து கீழாகக் கழியுங்கள்

இதுதான் முக்கியமான படி. இன்று தெரிவதை முழுவதும் நோட்டில் வரையுங்கள். பிறகு ஆண்டு வாரியாகப் பின்னோக்கிப் போய், வில்லியமுக்குப் பின் வந்த ஒவ்வொன்றையும் ரப்பரால் அழியுங்கள். கிளிஃபோர்ட் கோபுரத்தில் செய்து காட்டுகிறேன்.

உள்ளே மரத்தூண்கள் மேல் நிற்கும் பார்வை மேடை 2022-ல் திறந்தது. அழியுங்கள். கூரை இல்லாமல் உள்ளே வெறுமையாக இருப்பது 1684-ல் நடந்த தீவிபத்தால் வந்தது. நான்கு இதழ் பூப்போலச் சேர்ந்த அந்தக் கற்சுவர் முழுவதும் மூன்றாம் ஹென்றியின் ஆணைப்படி 1245-ல் தொடங்கியது. அதையும் அழியுங்கள். கல் தீர்ந்துவிட்டது.

இனி மரம். 1190 மார்ச்சில் யார்க்கின் யூதக் குடும்பங்கள் கொலைவெறிக் கும்பலிடமிருந்து தப்பி, இந்த மேட்டின் மேலிருந்த மரக்கோபுரத்தில் தஞ்சம் புகுந்தன. கும்பல் சூழ்ந்துகொண்டது. பலர் தங்கள் கையாலேயே உயிரை விட்டார்கள், மற்றவர்கள் கொல்லப்பட்டார்கள், கோபுரம் எரிந்தது. இந்த வரியை நோட்டில் எழுதும்போது ரப்பரைக் கீழே வைத்துவிடுங்கள். கோபுரத்தை அழிக்கலாம், இதை அழிக்கக்கூடாது.

அதற்கும் முன்னால், 1069 செப்டம்பரில் டென்மார்க்கிலிருந்து வந்த டேனியர்களும் இங்கிலாந்தின் வடபகுதி மக்களும் சேர்ந்து யார்க்கைத் தாக்கி இரண்டு கோட்டைகளையும் வீழ்த்தினார்கள். வில்லியம் திரும்பி வந்து மறுபடி எழுப்பினார், அந்தக் குளிர்காலத்தில் இங்கிலாந்தின் வடபகுதி ஊர்களைச் சூறையாடினார்.

இப்போது உங்கள் நோட்டில் மிஞ்சியிருப்பது மேடு மட்டும். அதிலும் ஒரு திருத்தம்: மேடு பிற்காலத்தில் இன்னும் உயர்த்தப்பட்டது. 1902–03-ல் கோபுரத்தின் அடித்தளத்தைப் பலப்படுத்தத் தோண்டியபோது மேட்டுக்குள்ளேயே பழைய மரக்கட்டைகள் அகப்பட்டன. ஆகவே மேட்டின் உச்சியைக் கொஞ்சம் தாழ்த்தி வரையுங்கள்.

வின்ட்சரிலும் இதே கணக்குதான். மேட்டின் மேலுள்ள வட்டக் கோபுரத்தைக் கல்லில் கட்டியவர் இரண்டாம் ஹென்றி. இன்று தெரியும் உயரத்தில் மேல்பகுதி 19-ஆம் நூற்றாண்டில் நான்காம் ஜார்ஜ் கூட்டியது. வில்லியம் பிறந்த, பிரான்சின் நார்மண்டிப் பகுதியிலுள்ள ஃபலேஸ் ஊரிலும் ஏமாறாதீர்கள். அங்குள்ள பெரிய சதுரக் கோபுரம் அவருடைய மகன் முதலாம் ஹென்றி காலத்தது.

படி 6: கல்லே வில்லியமுடையது என்றால்?

சில இடங்களில் அப்படியும் உண்டு. லண்டன் டவரின் நடுவிலுள்ள வெள்ளைக் கோபுரம் 1070-களில் தொடங்கியது. வேலையைப் பார்த்துக்கொண்டவர் ராச்செஸ்டர் ஆயர் குண்டல்ஃப். உயரம் 27 மீட்டர், அடிச்சுவரின் தடிமன் சில இடங்களில் நாலரை மீட்டர். ஓரக் கற்களைக் கடல் கடந்து நார்மண்டியின் கான் ஊரிலிருந்து கொண்டுவந்தார்கள். 1087-ல் வில்லியம் இறந்தபோதும் வேலை முடியவில்லை. முடிந்தது 1100-ஐ ஒட்டி. நிமிர்ந்து பார்த்தால் தெரியும் குவிமாடத் தொப்பிகளும் பெரிய சன்னல்களும் பின்னால் வந்தவை, அழித்துவிடுங்கள். வாசல் தரையில் இல்லாமல் ஒரு மாடி உயரத்தில் இருப்பதைக் கவனியுங்கள். ஆபத்து வந்தால் வெளியே இருக்கும் மரப்படியை எடுத்துவிடலாம் என்பதற்காக அப்படி.

கோல்செஸ்டர் இன்னொன்று. ரோமானியர் கிளாடியஸுக்குக் கட்டிய கோவிலின் மேடையையே அடித்தளமாக்கி, இடிந்த ரோமானியச் செங்கலை எடுத்துக் கட்டியது. சுவரில் சிவப்புக் கோடுகளாகத் தெரிவது அந்தச் செங்கல்தான்.

எனக்கு மிகப் பிடித்தது எக்ஸிட்டர். 1068-ல் 18 நாள் முற்றுகைக்குப் பின் ஊர் பணிந்தது. அங்கே எழுப்பிய வாயில் மாடம் இன்றும் நிற்கிறது. அதன் சன்னல்களின் மேல்பக்கத்தை நெருக்கிப் பாருங்கள். நார்மன் பாணி என்றால் அரைவட்ட வளைவு வர வேண்டும். இங்கே இரண்டு கல் சாய்ந்து முட்டும் முக்கோணம். அது ஆங்கிலோ-சாக்சன், அதாவது நார்மன்கள் வரும் முன்பே அங்கே இருந்தவர்களின் கைப்பழக்கம். தோற்ற ஊரின் கொத்தனார்களே வென்றவருக்குக் கட்டிக்கொடுத்திருக்கிறார்கள். தங்கள் வழக்கத்தை அவர்கள் விடவில்லை.

படி 7: இல்லாமல் போன வீடுகளை எண்ணுங்கள்

கோட்டை வந்த இடம் வெற்றிடம் அல்ல. அங்கே மக்கள் குடியிருந்தார்கள். 1086-ல் வில்லியம் எடுக்கச் சொன்ன கணக்கெடுப்பான டூம்ஸ்டே ஏட்டிலேயே அது பதிவாகியிருக்கிறது. இணையத்தில் மொழிபெயர்ப்பு கிடைக்கும். நீங்கள் எடுத்த ஊரின் பெயரைப் போட்டு, கோட்டைக்காக அழிந்த வீடுகள் என்று எங்காவது வருகிறதா என்று பாருங்கள். லிங்கனில் 166 வீடுகள். நார்விச்சில் 98. யார்க்கில் எண்ணிக்கை வீடாக இல்லை. நகரின் ஏழு பகுதிகளில் ஒன்று முழுதாகவே கோட்டைகளுக்காகப் பாழானது.

பேயூ துணிக்கு ஒரு நிமிடம் திரும்பிப் போங்கள். ஹேஸ்டிங்ஸ் மேட்டுக் காட்சியிலிருந்து கொஞ்சம் வலப்பக்கம் நகர்த்துங்கள். இரண்டு பேர் ஒரு வீட்டுக்குத் தீ வைக்கிறார்கள். கீழே ஒரு பெண், குழந்தையின் கையைப் பிடித்துக்கொண்டு வெளியே வருகிறாள்.

நீங்களாகவே செய்து பார்க்க ஓர் ஊர்: கேம்பிரிட்ஜ். 1068-ல் கட்டிய கோட்டை. கேம் ஆற்றைக் கண்டுபிடித்து, அதற்கு வடமேற்கே நகருங்கள். புல் மூடிய ஒரு மேடு கிடைக்கும். உச்சியில் கோபுரமோ சுவரோ கிடையாது, அழிப்பதற்கு அதிக வேலை இருக்காது. அப்படியே வரைந்து, பக்கத்தில் 27 வீடுகள் என்று எழுதிக்கொள்ளுங்கள்.