பக்கத்து வீட்டுச் சண்டை வழக்கு: ராசியான பிறகு ரத்து வாங்கிய வழி

ரெண்டு வீடும் ராசியாகிவிட்டதால் எஃப்.ஐ.ஆர். தானாக ஒழியாது. சுவர்த் தகராறில் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் வழக்கமாகப் போட்டுவந்த பிரிவுகள் 323 (அடித்தது), 506 (மிரட்டல்) மாஜிஸ்திரேட் கோர்ட்டிலேயே சமரசமாகும். கூடவே ஒட்டிவரும் 294(பி), ஆபாசமாகத் திட்டியது, அங்கே ஆகாது. புதிய தண்டனைச் சட்டமான பி.என்.எஸ்.ஸில் அது 296. அந்த ஒரு பிரிவுக்காகவே உயர் நீதிமன்றம் போக வேண்டியிருந்தது. ரத்து கேட்கும் பிரிவு முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 482; 2024 ஜூலை முதல் அதற்குப் பதிலாக வந்த பி.என்.எஸ்.எஸ். சட்டத்தின் 528. தென் மாவட்டங்களுக்கு மதுரைக் கிளை.

மனுவோடு கூட்டு சமரச மெமோ, இரு தரப்பு பிரமாணப் பத்திரங்கள், ஆதார் நகல்கள் வைத்தோம். பெரும்பாலும் இடறுவது இங்கேதான்: புகார்தாரர் கையெழுத்துப் போட்டிருப்பார், கைகலப்பில் உதடு கிழிந்த அவர் தம்பி விடுபட்டிருப்பார். காயம்பட்ட ஒவ்வொருவரும் மெமோவில் இருக்க வேண்டும். எதிர்த் தரப்பு மீதும் வழக்கு இருந்தால், அந்த எதிர்வழக்குக்குத் தனி மனு. இரண்டையும் ஒரே நாளில் பட்டியலிடக் கேளுங்கள். குற்றப்பத்திரிகையைக் கீழ்க்கோர்ட் கோப்புக்கு எடுத்திருந்தால், அது வழக்குக்குத் தந்த சி.சி. எண்ணைக் குறிப்பிட்டே ரத்து கேட்க வேண்டும்.

விசாரணையன்று எல்லோரும் ஆஜராக வேண்டும். ஸ்டேஷனிலிருந்து வரும் போலீசார் அடையாளம் சொல்வார்கள். யாரும் வற்புறுத்தவில்லையே என்று நீதிபதி கேட்பார். உச்ச நீதிமன்றத்தின் 2012 கியான் சிங் தீர்ப்புப்படி கொலை, பாலியல் வன்கொடுமை போன்றவை இப்படி ரத்தாகாது, அதுதான் நியாயமும்.

உத்தரவு நகலைக் கீழ்க்கோர்ட்டிலும் ஸ்டேஷனிலும் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். விட்டால், பாஸ்போர்ட் விசாரணையில் பழைய வழக்கு நிலுவை என்றே வரலாம்.