ஞாயிற்றுக்கிழமை போன் விரதமும் மற்ற வீண் முயற்சிகளும்

காட்பாடியில் போட்டித் தேர்வு மாணவர்களுக்கு வகுப்பு எடுக்கிறேன். குரூப் 4 அறிவிப்பு வந்ததும் புதிதாக ஒரு கூட்டம் வந்து சேரும். இனி போனைத் தொடுவதில்லை என்று சபதம் செய்யும். பிறகு வரிசையாக அதே தவறுகள், ஒரு காலத்தில் என்னையும் ஆட்டிவைத்தவை. இரவு இரண்டு மணி வரை ரீல்ஸ் பார்க்கக் கூடாது என்பதையெல்லாம் நான் சொல்லத் தேவையில்லை. அதை அவரவர் அம்மாவே சொல்லிக்கொண்டிருப்பார்.

ஞாயிறு விரதம்

இன்றும் எனக்கு எரிச்சல் மூட்டுவது இதுதான். 'டோபமைன் விரதம்' என்று யாரோ ஒரு வீடியோவில் சொல்லியிருப்பார்கள் (டோபமைன் மூளையில் சுரக்கும் ஒரு வேதிப்பொருள்). அதையும் இவர்கள் போனில்தான் பார்த்திருப்பார்கள். ஞாயிறு முழுக்கப் போனை அணைத்துப் பீரோவில் பூட்டிவிட்டால் மூளை புதிதாகிவிடுமாம். நடப்பதென்னவோ, ஏகாதசிக்குப் பட்டினி கிடந்துவிட்டு துவாதசியன்று இரண்டு பந்தியில் உட்காரும் கதைதான்.

குடியாத்தத்திலிருந்து ரயிலில் வரும் மாணவன் ஒருவன் இந்த விரதத்தில் கெட்டி. ஒரு திங்கள் காலை வண்டி ஏறியதும், முந்தைய நாள் விட்டதையெல்லாம் பிடிக்கத் தொடங்கினான். காட்பாடி வந்ததே தெரியாமல் வாலாஜா ரோடு வரை போய்விட்டான். அன்று மாதிரித் தேர்வு. "பார்த்ததில் ஒன்றாவது நன்றாக இருந்ததா?" என்று கேட்டேன். "இல்லை சார், ஆனாலும் விரல் நிற்கவில்லை" என்றான். அடுத்த ஞாயிறும் விரதம் இருந்தான். அந்த ஆண்டுத் தயாரிப்பே இப்படிப் போயிற்று.

அவன் சொன்னது பொய்யல்ல. வேண்டும் என்கிற வேட்கையும், கிடைத்ததில் வரும் இன்பமும் மூளையில் வெவ்வேறு ஏற்பாடுகள் என்று நரம்பியல் ஆய்வாளர் கென்ட் பெரிட்ஜ் எலிகளை ஆராய்ந்து காட்டியிருக்கிறார். டோபமைன் பெரும்பாலும் வேட்கையின் பக்கம் நிற்பது. ஒரு நாள் மூடி வைத்தால் ஊறிச் சேரும் சரக்கு அல்ல அது. 1997இல் இன்னொரு நரம்பியல் ஆய்வாளர் வோல்ஃப்ரம் ஷுல்ட்ஸும் கூட்டாளிகளும் எழுதிய கட்டுரை இதை இன்னும் தெளிவாக்குகிறது. எதிர்பாராமல் பழச்சாறு கிடைத்த குரங்கின் மூளையில் டோபமைன் நரம்பணுக்கள் துடித்தன. விளக்கு எரிந்தால் சாறு வரும் என்று பழகிய பிறகு, சாற்றுக்கு இருந்த துடிப்பு விளக்குக்கு மாறிவிட்டது. விளக்கு எரிந்தும் சாறு வராதபோது துடிப்பு சட்டென்று தணிந்தது.

நமக்கு அந்த விளக்கு எது? செயலியின் மேலுள்ள சிவப்புப் புள்ளி, வாட்ஸ்அப் ஓசை, ரயிலில் ஜன்னலோர இருக்கை, சாப்பாட்டுத் தட்டு. விரதம் இவற்றில் ஒன்றையும் தொடுவதில்லை. திங்களன்று எல்லாம் அதே இடத்தில் இருக்கும். போதாததற்கு, அடுத்த வீடியோ நன்றாக இருக்குமா என்பது யாருக்கும் தெரியாது. எந்த முறை கொத்தினால் தீனி விழும் என்று தெரியாத புறாதான் விடாமல் கொத்தும் என்பதை உளவியலாளர் ஸ்கின்னர் எப்போதோ காட்டிவிட்டார். 2006இல் வடிவமைப்பாளர் ஏசா ராஸ்கின் உருவாக்கிய முடிவில்லாமல் உருட்டும் முறையில், நிறுத்திக்கொள்ளப் பக்கத்துக்கு அடி என்பதே கிடையாது.

குடியாத்தத்து மாணவனைக் கடைசியில் செய்யச் சொன்னவை சின்ன வேலைகள். ரீல்ஸ் செயலியை நீக்கு. பார்த்தே ஆக வேண்டுமென்றால் வீட்டில் அண்ணனின் கணினியில் பார். அழைப்பைத் தவிர மற்ற அறிவிப்புகளை நிறுத்து. ரயிலில் போன் பையின் அடியில், கையில் அச்சடித்த வினாத்தாள். தினமும் இப்படித்தான். சலிப்பூட்டும் ஏற்பாடு, விரதத்தைப் போல ஸ்டேட்டஸ் போட்டுப் பெருமைப்படவும் முடியாது.

போனைக் கவிழ்த்து வைத்துப் படிப்பது

2017இல் டெக்சஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் வெளியிட்ட சோதனையில், போனை வேறு அறையில் விட்டு வந்தவர்கள், மேசையில் கவிழ்த்து வைத்தவர்களைவிட நன்றாகச் செய்தார்கள். பின்னால் செய்து பார்த்த எல்லோருக்கும் அதே முடிவு வரவில்லை. இருந்தாலும் வேறு அறையிலேயே வைக்கச் சொல்கிறேன்; எழுந்து போய் எடுக்க வரும் சோம்பலை நான் நம்புகிறேன்.

21 நாள் கணக்கு

21 நாள் தொடர்ந்து செய்தால் பழக்கமாகிவிடும் என்பது கட்டுக்கதை. லண்டனில் ஃபிலிப்பா லாலி குழுவினர் கணக்கிட்டபோது, ஒரு பழக்கம் படிய 18 முதல் 254 நாள் வரை ஆயிற்று.

அலாரத்துக்காகத் தலைமாட்டில் போன்

வேலூர் லாங் பஜாரில் கடிகாரம் கிடைக்கும்.

போனை எடுத்துவிட்டுச் சும்மா உட்காருவது

கத்திரி வெயிலில் வேலூர் மதியத்தில் "வெளியே நடந்துவிட்டு வா" என்று சொல்பவருக்கு இந்த ஊர் தெரியாது. கோட்டைப் பக்கம் நடப்பதெல்லாம் மாலையில்தான். மதியத்துக்கு வீட்டுக்குள்ளேயே கைக்கு வேலை வேண்டும்: நாளிதழில் குறிப்பெடுப்பது, வரைபடம் போடுவது, சமையலுக்கு வெங்காயம் உரிப்பது. என்ன செய்யப் போகிறோம் என்று முந்தைய இரவே முடிவு செய்யாதவர் மூன்று மணிக்குப் போனைத்தான் தேடுவார்.

பணம் வைத்து ஆடுவதையும் இதில் சேர்ப்பது

சேர்க்காதீர்கள். ரம்மிக்காகக் கடன் வாங்கியவனிடம் செயலியை நீக்கச் சொல்வதோடு காரியம் முடியாது. சூதாட்டத்தையும், வீடியோ விளையாட்டையும் நிறுத்த முடியாமல் போகும் நிலைகளை, 2022இல் நடைமுறைக்கு வந்த உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியலே கோளாறுகளாகக் குறிப்பிடுகிறது. அது வகுப்பு எடுப்பவன் பார்க்கும் வேலையல்ல. பாகாயத்தில் சி.எம்.சி.யின் மனநல மையம் இருக்கிறது. நேரில் போகக் கூச்சமாக இருந்தால் 14416 என்ற அரசின் மனநல உதவி எண்ணில் (டெலி மானஸ்) கட்டணமில்லாமல் தமிழிலேயே பேசலாம்.