மதுரைல இருந்துக்கிட்டே ஒரு ஹாக்கி லீக் சீசனை முழுசா பாக்குறது எப்படி

கிரிக்கெட் மட்டுமே பாத்து வளந்தவங்களுக்கு ஹாக்கி போட்டு விட்டா பத்து நிமிஷத்துல ரிமோட்டைத் தேடுறாங்க. கேட்டா எல்லாரும் சொல்றது ஒண்ணுதான், பந்தே கண்ணுல சிக்க மாட்டேங்குதுன்னு. நானும் அப்படித்தான் இருந்தேன். 2025 டிசம்பர்ல ஜூனியர் வேர்ல்டு கப் நம்ம ரேஸ்கோர்ஸ்ல நடந்துச்சுல்ல, இந்தியா சுவிட்சர்லாந்தை 5-0ன்னு ஜெயிச்ச மேட்சுக்குப் போயிருந்தேன், பக்கத்துல கோவில்பட்டிக்காரர் ஒரு பெரியவர், நான் தலையை அங்கிட்டும் இங்கிட்டும் திருப்புறதைப் பாத்துட்டு "பந்தை விடுங்க தம்பி, நடுவுல நிக்கிற ஆளு எங்கிட்டு திரும்புறான்னு பாருங்க"ன்னாரு. அந்த ஒரு வார்த்தைல எனக்கு ஆட்டம் பிடிபட ஆரம்பிச்சுச்சு. அதனால முதல் வேலை அதுதான், மிட்ஃபீல்டர் ஒருத்தரைப் பிடிச்சு அஞ்சு நிமிஷம் அவரையே பாருங்க, பந்து தானா உங்க கண்ணுக்குள்ள வரும்.

அடுத்தது டீம். ஹாக்கி இந்தியா லீக் 2013ல ஆரம்பிச்சு 2017 வரைக்கும் நடந்துச்சு, அப்புறம் ஏழு வருஷம் சத்தமே இல்ல, 2024 டிசம்பர் 28ல ரூர்கேலால திரும்ப வந்துச்சு, ஆம்பளைங்க டீம் எட்டு, பொம்பளைங்களுக்கு முதல் தடவையா நாலு டீம். நமக்கு தமிழ்நாடு டிராகன்ஸ் இருக்கு, அந்த சீசன்ல செமி ஃபைனல் வரைக்கும் போய் நாலாவதா முடிச்சாங்க. ஆனா "நம்ம ஊரு டீம்"னு மட்டும் பாத்தா ஒட்டாது, உள்ள ஒரு ஆளையாவது பிடிச்சுக்கணும். அரியலூர் கார்த்தி செல்வம் ஆடுறாரு, அவரை வச்சே ஆரம்பிங்க. 2024 ஏலத்துல ஒரு ஸ்க்வாடுக்கு 24 பேரு, அதுல 8 பேரு வெளிநாட்டுக்காரங்க, அதனால எல்லார் பேரையும் ஒரே நாள்ல மனப்பாடம் பண்ணப் பாக்காதீங்க.

இந்த சீசன் ஐபிஎல் மாதிரி ரெண்டு மாசம் இழுக்காது, கிட்டத்தட்ட ஒரு மாசந்தான், ஒரு வாரம் ஊர்த் திருவிழா கல்யாணம்னு விட்டுட்டீங்கன்னா டேபிளே தலைகீழா இருக்கும்.

இப்ப பெனால்டி கார்னர், அதாவது கோலுக்கு முன்னாடி இருக்குற அரைவட்டத்துக்குள்ள (அதைத்தான் டி-ன்னு சொல்றது) டிஃபென்ஸ் தப்பு பண்ணுனா எதிர் டீமுக்குக் கிடைக்கிற வாய்ப்பு. இதை மட்டும் கத்துக்கிட்டீங்கன்னா பாதி ஹாக்கி வந்துரும், அதனால கொஞ்சம் பொறுமையா படிங்க. விசில் அடிச்சதும் டிஃபென்ஸ்ல நாலு பேரும் கீப்பரும் மட்டும் கோல் லைனுக்குப் பின்னாடி நிப்பாங்க, மத்தவங்க எல்லாம் நடுக்கோட்டுக்கு ஓடிரணும். அந்த நாலு பேரும் அவசர அவசரமா முகத்துக்கு மாஸ்க் மாட்டுவாங்க, அந்த நேரத்துல அவங்களைக் கவனிங்க. எதிர் டீம்ல ஒருத்தர் அதே கோட்டுல, கோல்போஸ்ட்ல இருந்து 10 மீட்டர் தள்ளி நின்னு பந்தைத் தள்ளி விடுவாரு, டி-க்கு வெளிய ஒருத்தர் நிறுத்துவாரு, ஒருத்தர் குனிஞ்சு ஸ்டிக்குலயே இழுத்து வீசுவாரு, அதான் டிராக் ஃப்ளிக். சாதாரணமா ஓங்கி அடிச்சா முதல் ஷாட் கோலுக்குள்ள கீழ இருக்குற பலகையோட 46 சென்டிமீட்டர் உயரத்தைத் தாண்டக்கூடாது, ஃப்ளிக்குக்கு அந்தக் கட்டுப்பாடு இல்ல, அதான் எல்லா டீமும் ஏலத்துல டிராக் ஃப்ளிக்கருக்குக் காசைக் கொட்டுறாங்க. 2024 ஏலத்துல ஹர்மன்பிரீத் சிங் 78 லட்சத்துக்குப் போனாரு. டிராகன்ஸ் நெதர்லாந்து ஃப்ளிக்கர் யிப் யான்சனை எடுத்ததும் அதுக்குத்தான். அந்த சீசன் ஃபைனல்ல பெங்கால் டைகர்ஸ் ஹைதராபாத்தை 4-3ன்னு ஜெயிச்சப்ப ஹாட்ரிக் போட்ட ஜுக்ராஜ் சிங்கும் ஃப்ளிக்கர்தான்.

ஆனா நான் அதிகமா பாக்குறது ஃப்ளிக்கரை இல்ல, பந்து கிளம்புன நொடில கோல் லைன்ல இருந்து நேரா அவரைப் பாத்து ஓடுறாரே ஃபர்ஸ்ட் ரஷர், அவரைத்தான். அவ்வளவு வேகத்துல வர்ற பந்துக்கு முன்னாடி உடம்பைக் கொண்டு போய் வைக்கிற வேலை அது. அதுல பேர் போன அமித் ரோஹிதாஸ் டிராகன்ஸ்லதான் ஆடுனாரு. ஒரு தடவை ஸ்லோ மோஷன்ல அவரு ஓடுறதைப் பாருங்க, மரியாதை தானா வரும்.

கார்டு கணக்கு சுலபம், பச்சைக்கு 2 நிமிஷம் வெளிய, மஞ்சளுக்கு அஞ்சு இல்ல அதுக்கு மேல, சிவப்புன்னா அம்புட்டுத்தான், டீம் மிச்ச ஆட்டத்தை ஒரு ஆள் குறைச்சலா ஆடணும். பாரிஸ் ஒலிம்பிக் குவார்ட்டர் ஃபைனல்ல இதே ரோஹிதாஸுக்கு 17ஆவது நிமிஷத்துல சிவப்பு கார்டு, மிச்ச 40 நிமிஷத்துக்கு மேல பத்து பேரோட பிரிட்டனைத் தாங்கி ஷூட்அவுட்ல இந்தியா ஜெயிச்சுச்சு. கார்டு விழுந்ததும் டீம் எப்படி சுருங்குதுன்னு பாக்கணும்னா அந்த மேட்சைத் தேடிப் போட்டுப் பாருங்க.

ஒரு பழைய நோட்டு எடுத்துக்கங்க. மேட்சுக்கு ஒரு பக்கம், ரெண்டு டீமுக்கும் நடுவுல ஒரு கோடு, டி-க்குள்ள நுழைஞ்சா ஒரு புள்ளி, பெனால்டி கார்னர் வந்தா ஒரு வட்டம், கோலுன்னா பெருக்கல் குறி. 15 நிமிஷத்துக்கு ஒரு குவார்ட்டர், நாலு குவார்ட்டர், ஒவ்வொண்ணு முடிஞ்சதும் குறுக்க ஒரு கோடு போட்டுருங்க. நாலஞ்சு மேட்ச் எழுதுனதுக்கப்புறம் புரட்டிப் பாத்தா, புள்ளியா குவிச்சுட்டு வட்டமே வாங்காத டீம் எது, கடைசி குவார்ட்டர்ல மூச்சு வாங்குற டீம் எதுன்னு உங்களுக்கே தெரியும், கமென்டேட்டர் சொல்லித் தெரிய வேண்டியதில்ல.

கடைசியா ஒண்ணு, சீசனுக்கு ஒரு மேட்சாவது நேர்ல பாக்கணும். 2026 ஜனவரில எழும்பூர் மேயர் ராதாகிருஷ்ணன் ஸ்டேடியத்துலயே மேட்ச் நடந்துச்சு, இனி சென்னைல மேட்ச் போட்டாங்கன்னா காலைல வைகையைப் பிடிச்சுப் போய், நைட்டு பாண்டியன்ல திரும்பிரலாம், லேட் மேட்சுன்னா மட்டும் மறுநாள் டிக்கெட் போட்டுக்கங்க. பொங்கல் நேரமாச்சுன்னா டிக்கெட் கிடைக்காது, ஷெட்யூல் வந்த அன்னிக்கே போட்டுருங்க. ஆட்டத்துக்கு அரை மணி நேரம் முன்னாடியே உள்ள போயிருங்க, டர்ஃபுக்குத் தண்ணி அடிக்கிறதைப் பாக்கலாம். பாதி ஆட்டத்தை சைடுல மேல உக்காந்து பாருங்க, இடைவேளைக்கப்புறம் நம்ம டீம் எந்த கோலுக்கு அடிக்குதோ அந்தப் பக்கம் இடம் இருந்தா மாறிக்கங்க. ஃப்ளிக் பலகைல மோதுற சத்தம் டிவில பாதிகூட வராது.