பொய்யை மறுக்கப் போய் அதற்கே கால் முளைக்க வைப்பவர்கள்

போலிச் செய்திகளை மறுக்கும் எங்கள் தன்னார்வக் குழுவில் புதிதாகச் சேர்ந்த தம்பி ஒருவர், போலிச் செய்தியின் ஸ்கிரீன்ஷாட்டை அப்படியே போட்டு, குறுக்கே சிவப்பில் 'பொய்' என்று எழுதிப் பத்து வாட்ஸ்அப் குழுக்களுக்கு அனுப்பிவிட்டு வந்து பெருமையாகச் சொன்னார். எனக்கு வயிற்றைக் கலக்கியது. நான் 2019-இல் செய்த அதே கூத்து. தேதி பார், யார் அனுப்பியது என்று பார் என்பதெல்லாம் எல்லோருக்கும் தெரிந்ததுதான், விட்டுவிடுகிறேன். மறுக்கப் போகிறவர்கள் செய்யும் தப்புகளை மட்டும் சொல்கிறேன்.

பொய்யைத் தோளில் சுமந்துபோய் மறுப்பது

2019 ஏப்ரல் 18 மக்களவைத் தேர்தலுக்கு முன் ஒரு செய்தி சுற்றியது: பட்டியலில் பெயர் இல்லாவிட்டாலும் ஆதாரைக் காட்டி தேர்தல் நடத்தும் விதிகளின் 49ஏ-வின்படி (49A) 'சேலஞ்ச் ஓட்டு' கேட்கலாமாம். சுத்தப் பொய். 49ஏ வாக்குப்பதிவு இயந்திரத்தின் அமைப்பைச் சொல்லும் விதி. உண்மையான 'சேலஞ்ச்' 49ஜே-வில் (49J) இருக்கிறது. அதில் பூத் ஏஜென்ட்தான் 2 ரூபாய் கட்டி, 'இவர் அந்த ஆள் இல்லை' என்று வாக்காளர்மேல் ஆட்சேபம் கிளப்புவார். ஆனால் அதே செய்தியில் ஓர் உண்மையும் ஒட்டியிருந்தது. நம் ஓட்டை வேறு யாராவது போட்டுவிட்டால் 49பி-யின்படி (49P) வாக்குச்சீட்டில் போடலாம் என்பது சரிதான். சினிமா புண்ணியத்தில் அது ஊருக்கே தெரிந்திருந்ததால் மீதியையும் நம்பினார்கள்.

நானும் அந்தச் செய்தியைப் படமாக்கி, மஞ்சள் பார்டர் கட்டி, மூலையில் சிவப்புக் குறுக்குக்கோடு போட்டு, விளக்கத்தைக் கீழே தனியாக எழுதி அனுப்பினேன். மூன்றே நாளில் பெரியம்மாவிடமிருந்து அதே படம் எனக்கே வந்தது. கோடு இருந்த மூலையை யாரோ வெட்டியிருந்தார்கள், விளக்கம் கழன்றிருந்தது. "பேரு இல்லாட்டியும் போடலாமாம், பாருடா!"

ஓட்டுப்பதிவு அன்று பூத் வாசலில் எங்கள் தெரு அண்ணன் ஒருவர் ஆதாரோடு மல்லுக்கு நின்றார். திருப்பூரில் வேலை. இதற்காகவே கூலியை விட்டு பஸ் ஏறி வந்திருந்தார். அவர் நீட்டிய போனில் என் மஞ்சள் பார்டர்!

உண்மையை முதல் வரியில் வையுங்கள்: "பட்டியலில் பெயர் இருந்தால்தான் ஓட்டு. 1950-க்குப் போன் செய்து பார்த்துக்கொள்ளுங்கள்." பொய்யை நடுவில் உங்கள் வார்த்தையில் ஒரே வரி சொன்னால் போதும். அதன் படம் வேண்டவே வேண்டாம். படம் போட்டே தீருவேன் என்றால் எழுத்தின் மேலேயே நடுவில் பட்டையாக அடியுங்கள், வெட்டினால் எதுவும் மிஞ்சக் கூடாது.

வீடியோ நிஜம், ஆகவே செய்தியும் நிஜம்

2023 மார்ச்சில் தமிழ்நாட்டில் பீகார் தொழிலாளர்களைக் கொல்கிறார்கள் என்று பரவிய வீடியோக்களில் ஒன்று ராஜஸ்தானின் ஜோத்பூரில் நடந்த கொலை. கொலை நடந்தது நிஜம், ஊரும் காரணமும் வேறு. அதற்குள் பீகார் சட்டமன்றத்தில் அமளி, அங்கிருந்து அதிகாரிகள் குழுவே இங்கே வந்து விசாரித்தது. எங்கே, எப்போது என்ற இரண்டும் கிடைக்காமல் வாயைத் திறக்காதீர்கள்.

ட்விட்டர் ட்ரெண்டிங்கை ஊர்ப்பேச்சு என்று நம்புவது

பல நேரம் கட்சிகளின் ஐ.டி. விங் நேரம் குறித்து, வாசகம் எழுதிக் கொடுத்து நடத்துவது அது. டீக்கடையில் கேளுங்கள்.

குடும்ப வாட்ஸ்அப் குழுவிலேயே மாமாவைத் திருத்துவது

தனியாகப் போன் போடுங்கள்.